சாயா மாத்திரை: நாள் தவறாமல் போடும் முறை

கிராம சுகாதார செவிலியராக நான் அதிகம் விளக்கிய கருத்தடை முறை சாயாதான். லக்னோவின் மத்திய மருந்து ஆராய்ச்சி நிறுவனம் கண்டுபிடித்த செண்ட்குரோமான் என்ற மருந்து அது. ஹார்மோன் கிடையாது, பால் கொடுக்கும் தாயும் சாப்பிடலாம். ஆரம்ப சுகாதார நிலையத்தில் இலவசம்.

மாதவிடாயின் முதல் நாளில் ஒரு மாத்திரை. அது ஞாயிறு என்றால் அடுத்தது புதன். முதல் மூன்று மாதங்கள் ஞாயிறும் புதனும்; நான்காவது மாதத்திலிருந்து ஞாயிறு மட்டும். இடையில் மாதவிடாய் வந்தாலும் கிழமை மாறாது. தினசரி மாத்திரை என்று நினைத்துத் தினமும் விழுங்காதீர்கள். காலண்டரில் வட்டமிடுங்கள், மாமியார் கேட்டால் சீட்டுத் தவணை என்று சொல்லிக்கொள்ளுங்கள், எனக்கு ஆட்சேபணை இல்லை.

மறந்துவிட்டால் நினைவு வந்ததும் போட்டுவிட்டு, பழைய கிழமைகளையே தொடருங்கள். அடுத்த மாதவிடாய் வரை ஆணுறையும் வேண்டும். ஏழு நாளுக்கு மேல் தவறினால், அடுத்த மாதவிடாயின் முதல் நாளில் புதிதாகத் தொடங்குங்கள்.

தொடக்கத்தில் மாதவிடாய் தள்ளிப்போவது உண்டு. பதினைந்து நாளுக்கு மேல் தள்ளினால் கர்ப்பப் பரிசோதனை செய்துவிடுங்கள். சினைப்பை நீர்க்கட்டி, அண்மையில் மஞ்சள் காமாலை, கல்லீரல் நோய், காசநோய் உள்ளவர்களுக்கு இது ஆகாது. மருத்துவரிடம் வேறு முறை கேளுங்கள்.

பால்வினை நோய்களை இம்மாத்திரை தடுக்காது. அதற்கு ஆணுறைதான். அதை வாங்கிவரக் கணவரை அனுப்புங்கள். அவருக்கும் ஒரு வேலை இருக்கட்டும்.