ஆற்றோரக் குடியிருப்புகள்: அகற்றல் அறிவிப்புக்கு முன்பே திரட்ட வேண்டிய ஆவணங்கள்

சென்னையில் ஒரு குடியிருப்பின்மீது அகற்றல் அறிவிப்பு ஒட்டப்படும்போது, அதற்கான திட்டம் தீட்டி முடிக்கப்பட்டுப் பல மாதங்கள் ஆகியிருக்கும். ஆகவே கூவம், அடையாறு, பக்கிங்காம் கால்வாய் ஓரங்களில் வசிப்போர் முன்கூட்டியே ஆவணங்களைத் திரட்ட வேண்டும்.

முதலில் உங்கள் நிலத்தின் புல எண்ணை (சர்வே எண்) கொண்டு வட்டாட்சியர் அலுவலகத்தில் நில வகைப்பாட்டைக் கேட்டறியுங்கள். நீர்நிலை போன்ற ஆட்சேபணைக்குரிய புறம்போக்கு (குடியிருக்க அரசு இசையாத அரசு நிலம்) என்றால் பட்டா கிடைப்பது மிக அரிது. இடிப்பதற்கு 15 நாள் முன்னறிவிப்பு வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2024 நவம்பரில் வகுத்த நெறிமுறையும் சாலை, நடைபாதை, ஆறு ஆகியவற்றில் அனுமதியின்றி எழுந்த கட்டுமானங்களுக்குப் பொருந்தாது. வசதியற்றோர் பெரும்பாலும் அங்கேதான் வாழ்கிறார்கள் என்பதால் இந்த விலக்கு மிகக் கொடியது.

1971ஆம் ஆண்டுக் குடிசைப் பகுதிகள் சட்டத்தின்கீழ் உங்கள் பகுதி குடிசைப் பகுதியாக அறிவிக்கப்பட்டுள்ளதா என்றும் பாருங்கள். சென்னையில் 1971இல் 1,202 பகுதிகளும் 1985இல் மேலும் 17 பகுதிகளும் அறிவிக்கப்பட்டன. அதன்பின் பல்லாண்டுகள் அந்தப் பட்டியல் வளரவே இல்லை.

மிகுந்த கவனம் தேவைப்படுவது, மாற்று வீட்டுக்காக அதிகாரிகள் குடும்பங்களைப் பதிவுசெய்யும் கணக்கெடுப்பின்போதுதான். தனி அடுப்பு வைத்து வாழும் மகனின் குடும்பத்தைப் பெற்றோருடன் சேர்த்து ஒரே குடும்பமாக எழுதிவிடுவார்கள். வாடகைக்கு இருப்போரும், அன்று வேலைக்குப் போயிருந்தோரும் விடுபடுவார்கள். பட்டியலில் இல்லாதவருக்கு மாற்று வீடு கிடைப்பது கடினம். எனவே தெருவிலுள்ள பெண்கள் கூடி, ரேஷன் அட்டை, வாக்காளர் அட்டை, மின்கட்டண ரசீது, பிள்ளைகளின் பள்ளிச் சான்று ஆகியவற்றின் நகல்களுடன் வீடுவாரியாக ஒரு பட்டியலை முன்பே தயாரித்து, கணக்கெடுப்பு முடிந்த உடனே அரசுப் பட்டியலோடு ஒப்பிட்டு, விடுபட்ட பெயர்களை எழுத்து மூலம் தெரிவித்து ஒப்புகைச் சீட்டு பெற வேண்டும்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் 10 ரூபாய்க் கட்டணத்துடன் விண்ணப்பித்து, எந்தத் திட்டத்துக்காக அகற்றுகிறார்கள், எங்கே வீடு தருகிறார்கள், பயனாளி எவ்வளவு பணம் கட்ட வேண்டும், அகற்றுவதற்காக அளந்து குறித்த அதே எல்லைக் கோட்டுக்குள் வரும் தனியார் கட்டடங்கள்மீது என்ன நடவடிக்கை என்று கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். எங்கே வீடு என்ற கேள்வியையும் கடைசிக் கேள்வியையும் விட்டுவிடாதீர்கள். வெள்ளத்தைத் தடுக்க என்று குடிசைகளை அகற்றிவிட்டு, அங்கிருந்தோரைப் பள்ளிக்கரணைச் சதுப்புநிலத்தை அடுத்த தாழ்வான பெரும்பாக்கத்துக்கு அனுப்பிய நகரம் இது. கூவக்கரையிலிருந்து 20 கிலோமீட்டருக்கும் மேல் தள்ளியிருக்கும் அவ்விடத்திலிருந்து வீட்டுவேலைக்கு வந்துபோவது எத்தனையோ பெண்களுக்கு முடியாமல் போனது.

கல்வியாண்டின் நடுவே அகற்றக் கூடாது என்ற கோரிக்கையை அதிகாரிகளுக்குத் தரும் மனுவில் தனியாக எழுதுங்கள். வழக்குத் தொடர நேர்ந்தால், பெண்களும் பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி பெறலாம்; உயர் நீதிமன்ற வளாகத்திலுள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகும்போது, மேற்சொன்ன பட்டியலையும் ஒப்புகைச் சீட்டுகளையும் உடன் கொண்டுசெல்லுங்கள்.