உங்க பல உலகக் கதைக்கு நம்புற மாதிரி ஒரு மெடிக்கல் ஸ்கேனர் செய்யறது எப்படி

மந்திரமும் மெஷினும் கலந்து, வாசல் வழியா உலகம் விட்டு உலகம் போற கதை எழுதுறவங்க எல்லாருக்கும் இந்த சீன் வரும். ஒருத்தருக்கு அடிபடும், வைத்தியர் ஒரு கருவிய மேல ஓட்டுவாரு, நீல வெளிச்சம் வரும், உடனே "மண்ணீரல் கிழிஞ்சிருக்கு"ன்னு சொல்லிடுவாரு. படிக்கிறவங்களுக்கு அங்க ஒரு பதட்டமும் வராது, ஏன்னா அந்தக் கருவிக்கு எல்லாமே தெரிஞ்சிருக்கு. அதனால வடிவம், கலர், பேரு இதெல்லாம் அப்புறம் வச்சுக்கலாம், அது எத வச்சு பாக்குது, எதப் பாக்க முடியாதுன்னு மொதல்ல முடிவு பண்ணுங்க.

உள்ள என்ன போகுது, வெளிய என்ன வருது, இவ்ளோதான் கேள்வி. 1895-ல ரான்ட்கன் கண்டுபிடிச்ச எக்ஸ்ரே உடம்பத் தாண்டி அந்தப் பக்கம் போகுது, எலும்பு அத அதிகமா தடுக்குறதால அங்க வெள்ளையா தெரியுது. அல்ட்ராசவுண்ட் சத்தத்த அனுப்பி எதிரொலிய கேக்குது. எம்ஆர்ஐ நம்ம உடம்புத் தண்ணில இருக்குற ஹைட்ரஜன் அணுக்கருவ பெரிய காந்தத்துக்குள்ள வச்சு ரேடியோ அலையால தட்டி, அது எவ்ளோ நேரத்துல அடங்குதுன்னு பாக்குது. எனக்கு ரொம்பப் புடிச்சது பெட் ஸ்கேன். ஃப்ளோரின்-18ங்கற கதிரியக்க அணு ஒட்டுன சர்க்கரைய ஊசில ஏத்துவாங்க, அதுலேந்து பாசிட்ரான் வரும், அதாவது எதிர்ப்பொருள், அது பக்கத்துல இருக்குற எலக்ட்ரான்ல மோதி ரெண்டும் அழிஞ்சு கிட்டத்தட்ட நேர் எதிர் திசைல ரெண்டு காமா கதிரா பறக்கும், சுத்தி இருக்குற டிடெக்டர் வளையத்துல ரெண்டும் ஒரே நேரத்துல விழுந்தா அந்த ரெண்டு புள்ளிய சேக்குற கோட்டுலதான் எங்கயோ இது நடந்திருக்குன்னு கணக்கு. இது நெஜம், தினமும் ஆஸ்பத்திரில நடக்குது. உங்க மந்திரமும் இந்த அளவுக்கு விளக்கமா இருந்தா போதும். ரத்தத்துல மந்திர சக்தி ஓடுதுன்னு வச்சா, கருவி அத ஒரு தட்டு தட்டி எழுப்பட்டும், புண்ணு இருக்குற எடத்துல அது மெதுவா அடங்கட்டும், அந்த வித்தியாசம்தான் படம்.

அடுத்து கருவிக்குக் கண்ணு தெரியாத எடம். அல்ட்ராசவுண்ட் எடுக்க ஸ்கேன் சென்டர்ல வயித்துல ஜில்லுன்னு ஜெல் தடவுறாங்கல்ல, அது வழுக்குறதுக்கு மட்டும் இல்ல. தோலுக்கும் ப்ரோபுக்கும், அதாவது மேல வச்சு ஓட்டுற கருவிக்கும், நடுவுல மெல்லிசா காத்து இருந்தாக்கூட சத்தம் கிட்டத்தட்ட முழுசா திரும்பிடும், ஒன்னும் தெரியாது. தண்ணி நெறைய குடிச்சுட்டு யூரின் அடக்கிட்டு வாங்கன்னு சொல்றதும் இதுக்குத்தான், நெறஞ்ச மூத்திரப்பை காத்து நெறஞ்ச குடல ஒதுக்கித் தள்ளிட்டு உள்ள பாக்க ஒரு ஜன்னல் குடுக்கும். உங்க கருவிக்கும் இப்படி ஒரு தொல்லை வேணும், நோயாளி கஷ்டப்படுற மாதிரி ஒரு தயாரிப்பு வேணும். விலையும் வேணும். எம்ஆர்ஐ காந்தத்த சுமார் மைனஸ் 269 டிகிரில திரவ ஹீலியத்துல வச்சிருப்பாங்க, ஸ்கேன் நடக்காதப்பவும் காந்தம் ஆன்லயேதான் இருக்கும், இரும்புக் கவசம் போட்ட வீரன் அந்த ரூமுக்குள்ள நுழைஞ்சா என்ன ஆகும்னு யோசிங்க. ஃப்ளோரின்-18 சுமார் 110 நிமிஷத்துல பாதியா கொறஞ்சிடும், உங்க கதைக்குள்ள ஓடுற கடிகாரம் அதுலயே ரெடியா இருக்கு.

இப்ப பல உலகம், இங்கதான் பாதி பேரு கோட்ட விடுறாங்க. ஸ்கேனர் எல்லாமே தன் உலகத்த நம்பித்தான் அளக்குது. எக்ஸ்ரேய சுத்திச் சுத்தி எடுத்து உடம்ப குறுக்குவெட்டா காட்டுற சிடி ஸ்கேன்ல, எது எக்ஸ்ரேய எவ்ளோ தடுக்குதுங்கறதுக்கு தண்ணி 0, காத்து மைனஸ் 1000, இந்த அளவுகோல வச்ச ஹவுன்ஸ்ஃபீல்டுக்கு 1979-ல நோபல் கெடச்சது. அல்ட்ராசவுண்ட் மெஷின் உடம்புக்குள்ள சத்தம் நொடிக்கு 1540 மீட்டர்னு வச்சுத்தான் ஆழத்த கணக்கு போடும், சத்தம் வேற வேகத்துல போற ஒரு உலகத்துக்கு அந்த மெஷின தூக்கிட்டுப் போனா கல்லீரல் இருக்குற ஆழமே தப்பா வரும், ஆனா படம் பாக்க நல்லா தெளிவாத்தான் இருக்கும். வைத்தியர் அத நம்பி கத்திய வைப்பாரு.

கண்ணாடி உலகத்துலேந்து ஒருத்தர் வராருன்னு வைங்க, எல்லாம் இடம் வலமா மாறுன ஆளு. எக்ஸ்ரே எடுத்தா இதயம் வலது பக்கம். டாக்டர் ஃபிலிம திருப்பி மாட்டிட்டாங்கன்னு நெனப்பாரு, ஆனா இடமா வலமான்னு காட்ட ஓரத்துல டெக்னீஷியன் வச்ச எழுத்து நேராத்தான் இருக்கும். சரி, பொறவிலேயே இப்படி இருக்குறவங்க நெஜமாவே சுமார் பத்தாயிரத்துல ஒருத்தர் உண்டு, அதுல ஒருத்தர்னு விட்டுடுவாரு. சிடியும் எம்ஆர்ஐயும் வேற எதையும் காட்டாது. பெட் ஸ்கேன்லதான் மாட்டுவாரு, ஏன்னா நம்ம செல்லு எடுத்துக்கற சர்க்கரைக்கு ஒரு கை உண்டு, அதாவது இடது கை வலது கை மாதிரி ஒன்னுக்கொன்னு கண்ணாடி பிம்பமா இருக்குற ரெண்டு வடிவத்துல ஒன்னு, அவரு உடம்புல அது மறு கை, நம்ம ஊசில போன சர்க்கரைய அவரு செல்லு சீண்டவே சீண்டாது. வழக்கமா பளிச்சுன்னு தெரியற மூளை இருட்டா இருக்கும், யூரின் போற வழி மட்டும் வெளிச்சமா இருக்கும், ஆளு கட்டில்ல உக்காந்து காபி கேட்டுட்டு இருப்பாரு.

இத எழுதும்போது மெஷின பேச விடாதீங்க. அது படம்தான் குடுக்கும், படிக்கிறது மனுசங்க. ரெண்டு வைத்தியர நிக்க வச்சு ஒருத்தர் "மெஷின் ரிப்பேர்"னும் இன்னொருத்தர் "இவரு நம்ம உலகத்து ஆளே இல்ல"ன்னும் சண்ட போட விடுங்க, அந்த காபில இருக்குற சக்கரையும் அவருக்கு செமிக்காதுங்கறத யாரு மொதல்ல கண்டுபிடிக்கிறாங்கன்னு நீங்களே முடிவு பண்ணிக்கோங்க.