ஒரு குளத்துக்கு ஆற்றல் கணக்கு எழுதுவது எப்படி

நாகர்கோவிலில் இருந்து கன்னியாகுமரிக்குப் பேருந்தில் போகிறவர்கள் சுசீந்திரம் குளத்தைப் பார்க்காமல் கடக்க முடியாது. தாமரை இலைகளும், அவற்றின் மேல் கால் பரப்பி நடக்கும் இலைக்கோழியும், கரையோரம் அசையாமல் நிற்கும் கொக்கும் பள்ளிப் பாடநூலில் சூழ்நிலை மண்டலம் என்ற தலைப்பின் கீழ்ப் படமாக வருபவைதாம். ஆனால் அந்தப் பாடத்தில் முழு மதிப்பெண் வாங்கியவர்களிடம், படத்தில் உள்ள அம்புக்குறி எதைக் குறிக்கிறது என்று கேட்டால் பெரும்பாலோர் தடுமாறுகிறார்கள். அந்தத் தடுமாற்றம் நீங்க, ஊரில் உள்ள ஒரு குளத்தை எடுத்துக்கொண்டு அதன் ஆற்றல் வரவு செலவைத் தாமே எழுதிப் பார்ப்பதைவிட நல்ல வழி இல்லை. மாணவர்களோ ஆசிரியர்களோ ஆர்வம் உள்ள வேறு யாரோ இரண்டு மூன்று வாரங்களில் செய்து முடிக்கக்கூடிய முறை கீழே தரப்பட்டுள்ளது.

தொடங்கும் முன் ஒரு வேறுபாட்டை மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும். குளத்துக்குள் இருக்கும் கார்பன், நைட்ரஜன், பாஸ்பரஸ் போன்ற பொருள்கள் செடிக்கும் மீனுக்கும் சேற்றுக்கும் இடையே சுற்றிச் சுற்றி வருகின்றன. ஆற்றல் அப்படிச் சுற்றுவதில்லை. அது வெயிலாக வந்து, உணவாக மாறி, ஒவ்வொரு உயிரின் மூச்சிலும் சிறிது சிறிதாக வெப்பமாகி வெளியேறிவிடுகிறது. வெளியேறிய வெப்பத்தை எந்தச் செடியாலும் திரும்பப் பிடிக்க முடியாது. நம் ஊர் வயலில் இதைக் கண்ணாலேயே காணலாம். கன்னிப்பூ, கும்பப்பூ என இரண்டு போகமும் நெல்லை அறுத்து வெளியே கொண்டுபோகிற ஏலாவுக்கு, அதாவது வயல்வெளிக்கு, மறுநாளும் வெயில் இலவசமாக வந்துவிடுகிறது. நெல்லோடு போன பாஸ்பரஸ் தானாக வருவதில்லை. முன்னோர் கோடையில் குளத்து வண்டலை வாரி வயலில் கொட்டியது, பொருளின் சுற்றை மனித உழைப்பால் மூடிய செயல். ஆற்றலுக்கு அப்படி ஒரு வண்டி ஓட்டத் தேவையும் இல்லை, வழியும் இல்லை.

குளத்தைத் தேர்ந்து எல்லை வகுத்தல்

உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் 2022-இல் இடம்பெற்ற சுசீந்திரம் தேரூர், வேம்பனூர் ஆகிய ஈரநிலங்கள் இதற்கு மிகப் பொருத்தமானவை என்றாலும், வீட்டுக்கு அருகில் உள்ள சிறு குளமே போதும். தினமும் போய்வர முடிவதுதான் முக்கியம். முதலில் ஒரு தாளில் குளத்தின் கரை, மடை, மறுகால் (நிரம்பிய நீர் வழிந்தோடும் வழி), நீர் வந்து சேரும் கால்வாய் ஆகியவற்றை வரைந்துகொள்ளுங்கள். நம் மாவட்டத்துக் குளங்கள் பல ஒன்றோடொன்று கால்வாயால் கோக்கப்பட்டவை. மேல்குளத்தின் மறுகால் நீர் பாசியையும் மீன்குஞ்சையும் உரத்தையும் கீழ்க்குளத்துக்குச் சுமந்து வருகிறது. ஆகவே எல்லைக் கோடு உங்கள் வசதிக்கு நீங்கள் போட்டுக்கொண்டதே தவிர, இயற்கை போட்டது அன்று. அந்தக் கோட்டைக் கடந்து எது உள்ளே வருகிறது, எது வெளியே போகிறது என்று தாளின் ஓரத்தில் எழுதி வைத்தால் பின்னால் கணக்கு இடிக்காது. குளத்தில் துணி துவைக்கிறார்களா, மாடு குளிப்பாட்டுகிறார்களா, குத்தகைக்கு எடுத்தவர் மீனுக்குத் தீவனம் இடுகிறாரா என்பவையும் வரவுப் பக்கத்தைச் சேர்ந்தவை.

விடியற்காலையில் ஒரு முறையும் உச்சிப்பொழுதில் ஒரு முறையும் போக வேண்டும். பச்சை நீர் நிறைந்த குளத்தில் விடியலில் மீன்கள் மேலே வந்து வாய் பிளப்பதைக் கண்டால் வியப்படைய வேண்டாம். இரவு முழுவதும் செடி, பாசி, மீன், சேற்றுக் கிருமி என எல்லாம் மூச்சுவிடுகின்றன, ஒளிச்சேர்க்கை நடப்பதில்லை, விடியும்போது நீரில் கரைந்த ஆக்சிஜன் அதன் கீழ்மட்டத்தில் இருக்கிறது. இந்த ஏற்ற இறக்கத்தைத்தான் பின்னர் புட்டிக்குள் அடைத்து அளக்கப் போகிறோம்.

யார் யாரைத் தின்கிறார்கள்

பத்து நாள்களாவது கரையில் இருந்தபடி, கூடு கட்டியிருக்கும் பறவைகளைத் தொந்தரவு செய்யாமல், கண்ணால் கண்டதை மட்டும் குறியுங்கள். தோற்றம் ஏமாற்றும் என்பதால் இந்தக் கட்டுப்பாடு தேவை. தாமரை இலை மேலேயே வாழும் இலைக்கோழி இலையைத் தின்று வாழ்வதில்லை. அது பெரும்பாலும் பூச்சிகளையும் சிறு நத்தைகளையும் பொறுக்குகிறது. அதன் அருகிலேயே சிவந்த அலகோடு திரியும் நீலத் தாழைக்கோழி, தண்டையும் குருத்தையும் காலால் பிடித்துக் கடித்துத் தின்கிறது. ஒரே இலைப்பரப்பில் நிற்கும் இரண்டு பறவைகள் வெவ்வேறு ஊட்ட மட்டத்தை, அதாவது உணவுச் சங்கிலியின் வெவ்வேறு படியைச் சேர்ந்தவையாக இருக்கின்றன. நத்தைகுத்தி நாரையின் அலகு நடுவில் இடைவெளி விட்டிருப்பது நத்தையைக் கையாள உதவுகிறது. விரால் மற்ற மீன்களையும் தவளையையும் பிடிக்கிறது. நீர்க்கோலி தவளையையும் மீனையும், கிருஷ்ணப்பருந்து மீனையும் செத்ததையும் எடுக்கின்றன.

இனி அம்புக்குறி. தின்பவரிடம் இருந்து தின்னப்படுவதை நோக்கி அம்பு போடுவதே மிகப் பரவலான தவறு. வேட்டைக்காரர் குறிபார்ப்பது போல மனம் அப்படித்தான் ஓடுகிறது. அம்பு குறிப்பது ஆற்றல் போகும் திசையை. எனவே அது பாசியில் இருந்து மீனுக்கும், மீனில் இருந்து கூழைக்கடாவுக்கும் போக வேண்டும். பத்து நாள் குறிப்புகளையும் வரைந்து முடித்தால் சங்கிலி எதுவும் எஞ்சாது, சிலந்தி வலை போல ஒரு சிக்கல்தான் எஞ்சும். அதுவே சரியான விடை.

வரைபடத்தில் பலர் விட்டுவிடும் கட்டம் ஒன்று உண்டு: மக்கு, அதாவது இறந்து அழுகும் பொருள். தாமரையும் ஆகாயத்தாமரையும் உயிரோடு இருக்கும்போது அவற்றைத் தின்பவை குறைவு. பெரும்பகுதி அழுகிச் சேற்றில் விழுந்து, கிருமிகளுக்கும் பூஞ்சைகளுக்கும் உணவாகி, அவற்றின் வழியாகப் புழுவுக்கும் இறாலுக்கும் கெளுத்திக்கும் போகிறது. பழையாறு கடலில் கலக்கும் மணக்குடிக் கழிமுகத்தில் உள்ள அலையாத்திச் செடிகளிலும் இதே கதைதான். உதிர்ந்த இலைதான் அங்குள்ள நண்டுக்கும் இறாலுக்கும் அடிப்படை. காட்டிலும் குளத்திலும் செடிகள் செய்யும் உணவில் பெரும்பங்கு இந்த மக்கு வழியாகவே ஓடுகிறது என்பதால், இந்தக் கட்டத்தைத் தாளின் நடுவில் பெரிதாக வரையச் சொல்வது என் வழக்கம்.

வெயிலில் எவ்வளவு உணவாகிறது

உருவத்தில் சிறியவை என்பதால் கண்ணில் படாத தாவர மிதவை உயிரிகள்தாம் திறந்த நீர்ப்பரப்பின் முதல் உற்பத்தியாளர்கள். அவை எவ்வளவு அடர்த்தியாக உள்ளன என்பதைத் தோராயமாக அறிய 20 செ.மீ. விட்டமுள்ள ஒரு வட்டத் தகட்டை நான்காகப் பிரித்துக் கருப்பும் வெள்ளையும் மாற்றி மாற்றிப் பூசி, அடியில் கல் கட்டி, அளவுக் குறியிட்ட கயிற்றில் நீருக்குள் இறக்குங்கள். கண்ணுக்கு மறையும் ஆழத்தையும், மேலே இழுக்கும்போது மீண்டும் தெரியும் ஆழத்தையும் கூட்டி இரண்டால் வகுத்தால் கிடைப்பது ஒளிபுகு அளவு. மழைக்குப் பின் சேறு கலங்கிய நாளில் இதை அளந்தால் பாசியின் அளவு தெரியாது, சேற்றின் அளவுதான் தெரியும்.

அடுத்தது புட்டிச் சோதனை. கார்டரும் கிரானும் 1927-இல் நார்வேயின் கடற்கழியில் செய்து வெளியிட்ட எளிய முறை இது. ஒரே அளவுள்ள மூன்று கண்ணாடிப் புட்டிகளில், காற்றுக் குமிழ் தங்காதபடி, ஒரே ஆழத்துக் குளத்து நீரை நிரப்புங்கள். முதல் புட்டியின் ஆக்சிஜனை அப்போதே அளந்துவிட வேண்டும்; இறால் பண்ணைக்காரர்களும் அலங்கார மீன் வளர்ப்போரும் பயன்படுத்தும் சோதனைப் பெட்டி போதும். இரண்டாவதை ஒளி புகாதபடி அலுமினியத் தாளால் சுற்றுங்கள்; மூன்றாவதை அப்படியே விடுங்கள். இரண்டையும் நீர் எடுத்த ஆழத்திலேயே மூங்கில் கழியில் கட்டித் தொங்கவிட்டு, 6 மணி நேரம் கழித்து எடுத்து அளக்க வேண்டும்.

எடுத்துக்காட்டாக, தொடக்கத்தில் லிட்டருக்கு 6.0 மில்லிகிராம், இருட்டுப் புட்டியில் 4.5, வெளிச்சப் புட்டியில் 8.5 என்று வைத்துக்கொள்வோம். இருட்டுப் புட்டியில் குறைந்த 1.5 என்பது மூச்சுச் செலவு. வெளிச்சப் புட்டியில் கூடிய 2.5 நிகர உற்பத்தி. இரண்டையும் கூட்டினால் 4.0, அதுவே மொத்த உற்பத்தி. இரண்டு புட்டிகளிலும் பாசியோடு விலங்கு மிதவை உயிரிகளும் கிருமிகளும் மூச்சுவிடுகின்றன என்பதால், இந்த நிகரம் செடிகளுக்கு மட்டும் உரிய நிகரம் அன்று. இதைப் பல நூல்கள் சொல்லாமல் விடுகின்றன.

இதை ஆற்றலாக மாற்ற, 1 கிராம் ஆக்சிஜனுக்குத் தோராயமாக 14 கிலோ ஜூல் என்று பெருக்குங்கள். ஒரு மீட்டர் ஆழம் வரை இதே வேகம் என்று கொண்டால் ஒரு சதுர மீட்டரில் 4 கிராம் ஆக்சிஜன், அதாவது 56 கிலோ ஜூல். உச்சிப்பொழுதைச் சுற்றிய அந்த 6 மணி நேரம் சராசரியாகச் சதுர மீட்டருக்கு 700 வாட் வெயில் விழுந்தது என்று வைத்தால் வந்த ஆற்றல் ஏறத்தாழ 15,000 கிலோ ஜூல். நூற்றுக்கு அரைப் பங்குகூட உணவாகவில்லை. விடை தவறோ என்று பதறத் தேவையில்லை. வெயிலில் ஏறத்தாழப் பாதி மட்டுமே ஒளிச்சேர்க்கைக்குப் பயன்படும் ஒளி. அதிலும் ஒரு பகுதி நீர்ப்பரப்பில் பட்டுத் திரும்புகிறது, ஒரு பகுதியை நீரும் சேறும் விழுங்குகின்றன.

பத்தில் ஒன்று என்னும் வாய்பாடு

ஒரு மட்டத்தில் இருந்து அடுத்த மட்டத்துக்குப் பத்தில் ஒரு பங்குதான் போகிறது என்று படித்திருப்போம். மின்னசோட்டாவில் ஒரு சிறு சதுப்பு ஏரியை ஆராய்ந்த ரேமண்ட் லிண்டமன் 1942-இல் வெளியிட்ட கட்டுரையில் இருந்து வளர்ந்த கருத்து அது. முதலில் நிராகரிக்கப்பட்டு, பின்னர் ஏற்கப்பட்ட அக்கட்டுரை அச்சாகி வரும் முன்பே, 26 வயதில் அவர் இறந்துவிட்டார். பத்தில் ஒன்று என்பது சராசரிக் கைக்கணக்கே தவிர விதி அன்று. ஹோவர்ட் ஓடம் 1957-இல் வெளியிட்ட புளோரிடா சில்வர் ஸ்பிரிங்ஸ் கணக்கில், சதுர மீட்டருக்கு ஆண்டுக்குச் செடிகளின் மொத்த உற்பத்தி 20,810 கிலோ கலோரி. தாவர உண்ணிகளுக்கு 3,368. ஊன் உண்ணிகளுக்கு 383. உச்சியில் உள்ளவற்றுக்கு 21. வகுத்துப் பாருங்கள்: நூற்றுக்கு 16, 11, 5 என்று வரும்.

எஞ்சியது எங்கே போகிறது என்பதை மூன்று ஓட்டைகளாகக் காணலாம். முதலாவது, தின்னப்படாமலே மக்குக்குப் போவது. இரண்டாவது, தின்றும் செரிக்காமல் எச்சமாவது. மூன்றாவது மூச்சு. மூன்றாவது ஓட்டையின் அளவு உயிருக்கு உயிர் மாறுகிறது: உடல் சூட்டைக் காக்க வேண்டிய பறவை, செரித்ததில் நூற்றுக்கு ஒன்றிரண்டு பங்கை மட்டுமே தன் சதையாக்குகிறது, மீன் சுமார் பத்துப் பங்கை ஆக்குகிறது.

இப்போது வாய்பாட்டை நம் குளத்தில் போட்டுப் பார்க்கலாம். நாளுக்கு ஒரு கிலோ மீன் தின்னும் கூழைக்கடா ஒன்று வருவதாகக் கொள்வோம். ஒரு கிலோ மீனில் ஏறத்தாழ 5,000 கிலோ ஜூல் இருக்கும். அந்த மீன் விலங்கு மிதவை உயிரிகளைத் தின்று வளர்ந்தது என்றால், இரண்டு படி கீழே செடிகள் 5,00,000 கிலோ ஜூல் செய்திருக்க வேண்டும். செடிகளின் நிகர உற்பத்தி நாளுக்குச் சதுர மீட்டருக்கு 50 கிலோ ஜூல் எனில், ஒரே பறவைக்கு 10,000 சதுர மீட்டர், அதாவது சுமார் இரண்டரை ஏக்கர் நீர்ப்பரப்பு வேண்டும். மீன் நேரடியாகப் பாசியைத் தின்பதாக இருந்தால் 25 சென்ட் போதும். குளத்தை மூடி நான்கு ஏக்கரில் ஒரு ஏக்கராக்கிய ஊரில் பறவை ஏன் குறைந்தது என்பதற்கு இந்தக் கணக்கும் ஒரு விளக்கம்.

கடற்கரையிலும் இதே வாய்பாடு விலையாகத் தெரிகிறது. தென்மேற்குப் பருவக்காற்றின் காலத்தில் அடிக்கடலின் குளிர்ந்த, சத்து மிகுந்த நீர் மேலே வந்து மிதவைத் தாவரம் செழிக்க, அதையே மேயும் சாளை குளச்சலில் கூடை கூடையாகக் கரையேறுகிறது. படிகள் பல தாண்டிய நெய்மீன் எண்ணி வைக்கும் அளவில்தான் கிடைக்கிறது.

கடலை எடுத்துக் கணக்குப் போடுவோர் ஒன்றில் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். ஒரு நேரத்தில் எடை போட்டுப் பார்த்தால் ஆங்கிலக் கால்வாயில் சதுர மீட்டருக்கு மிதவைத் தாவரம் 4 கிராமும், அதைத் தின்பவை 21 கிராமும் இருந்தன. கீழே உற்பத்தியாளர், மேலே தின்பவை என அடுக்கி வரையும் பிரமிடு தலைகீழாக நின்றது. மிதவைத் தாவரம் சில நாள்களிலேயே பெருகித் தின்னப்பட்டுத் தீர்ந்துவிடுவதே காரணம். எடைப் பிரமிடு கவிழலாம். ஆற்றல் பிரமிடு கவிழவே கவிழாது. ஆகையால் உங்கள் குறிப்பில் இருப்பையும் ஓட்டத்தையும் தனித்தனிப் பத்தியில் எழுதுங்கள்.

முதல் கணக்கு முடிந்த பின் பருவங்களையும் ஒப்பிட விரும்பினால், புட்டிச் சோதனையைச் சித்திரையில் ஒரு முறையும் ஐப்பசி மழை ஓய்ந்து நீர் தெளிந்த பின் ஒரு முறையும், ஒரே இடத்தில், ஒரே ஆழத்தில் செய்து ஒப்பிட வேண்டும். மறுகால் பாயும் நாள்களில் கட்டவே வேண்டாம். அன்று புட்டிக்குள் இருப்பது உங்கள் குளத்து நீர் அன்று, மேல்குளத்து நீர்.