பிரைடல் ஷவர் செலவு: முதலில் தொகை, பிறகு இடம்

பிரைடல் ஷவருக்கு, அதாவது கல்யாணத்துக்கு முன் மணப்பெண்ணுக்குப் பரிசு கொடுத்துக் கொண்டாடும் விருந்துக்கு, இடம் பார்க்கும் முன்பே, சேர்ந்து நடத்தும் ஒவ்வொருவரிடமும் 'அதிகபட்சம் எவ்வளவு போட முடியும்?' என்று தனித்தனியாகக் கேட்டுவிடுங்கள். வாட்ஸ்அப் குரூப்பில் கேட்க வேண்டாம். வந்ததிலேயே குறைந்த தொகையை ஆட்களின் எண்ணிக்கையால் பெருக்குங்கள், அதுதான் பட்ஜெட். கூடுதலாகச் செய்ய ஆசைப்படுபவர் பணமாகத் தராமல், கேக் அல்லது பூ அலங்காரம் என்று ஏதாவது ஒன்றை முழுதாக ஏற்றுக்கொள்ளட்டும். யார் எவ்வளவு போட்டார் என்ற கணக்கு வெளியே தெரியாது.

யார் நடத்துகிறார்களோ அவர்களே செலவு செய்வதுதான் இந்த விருந்தின் பொது வழக்கம். குரூப்பில் முதல் ஆள் பெரிய தொகையைச் சொல்லிவிட்டால் மற்றவர்கள் கூச்சத்தில் தலையாட்டிவிடுவார்கள். பில் வந்த பிறகுதான் முணுமுணுப்பு கிளம்பும். அதிலும் மணப்பெண் தோழிகளுக்கு உடை, பயணம், பரிசு என்று செலவு ஏற்கெனவே கையைக் கடித்துக்கொண்டிருக்கும்.

அம்மாவோ அத்தையோ தனியாக நடத்தினால் இந்தக் கணக்கே தேவையில்லை. மணப்பெண்ணே நீளமான விருந்தினர் பட்டியலைக் கொடுத்தால் இது எடுபடாது. பட்ஜெட்டுக்கு மேல் போகும் தொகையை அவள் வீட்டார் ஏற்பார்களா என்று நேராகவே கேட்டுவிடலாம். உணவகத்தில் அவரவர் பில்லை அவரவரே கட்டுவதாக இருந்தால், அதை அழைப்பிலேயே சொல்லிவிடுங்கள். அப்போதும் மணப்பெண்ணின் சாப்பாட்டுக்கு அவளிடமே காசு வாங்காதீர்கள்!