வாயேஜர் 1 நெருங்குகிறதா, விலகுகிறதா? நீங்களே பார்க்கலாம்

1977-ல் கிளம்பிய நாசாவின் விண்கலமான வாயேஜர் 1 சூரியனைவிட்டு நொடிக்கு சுமார் 17 கி.மீ. வேகத்தில் போய்க்கொண்டே இருக்கிறது. ஆனாலும் பிப்ரவரி, மார்ச்சில் நாசாவின் வாயேஜர் பக்கத்தைத் திறந்தால், பூமியிலிருந்து அதன் தூரம் குறைந்துகொண்டு வரும். தளத்தில் கோளாறு எதுவும் இல்லை. பூமி சூரியனை நொடிக்கு ஏறத்தாழ 30 கி.மீ. வேகத்தில் சுற்றுகிறது, அந்த மாதங்களில் நாம் வாயேஜர் இருக்கும் பக்கமாக ஓடுகிறோம்.

இதை எண்களாகப் பார்க்க, நாசாவின் ஜேபிஎல் ஆய்வகம் நடத்தும், கோள்களும் விண்கலங்களும் எப்போது எங்கே இருக்கும் என்று கணக்கிட்டுத் தரும் ஹொரைசன்ஸ் தளம் போதும், இலவசம்தான். அட்டவணை வகையில் அப்சர்வர் டேபிள், இலக்கில் -31 (வாயேஜர் 1-இன் எண், வாயேஜர் 2-க்கு -32, புளூட்டோவைக் கடந்துபோன நியூ ஹொரைசன்ஸ் விண்கலத்துக்கு -98), பார்வையாளர் இடத்தில் பூமியின் மையம், அதாவது 500. காலத்தை ஒரு முழு ஆண்டாகக் கொடுத்து 10 நாள் இடைவெளி வையுங்கள், ஒரு மாதத்தை மட்டும் எடுத்தால் ஏற்ற இறக்கம் பிடிபடாது. அப்புறம் டேபிள் செட்டிங்ஸில் 19, 20, 21 மூன்றையும் டிக் செய்யுங்கள்.

19 சூரியனிலிருந்து தூரமும் வேகமும், 20 பூமியிலிருந்து அதே இரண்டும், 21 ஒளி வந்துசேரும் நேரம் (நிமிடத்தில் வரும், 60-ஆல் வகுத்தால் மணி). 20-இல் வரும் டெல்டாட் (deldot), அதாவது பூமியிலிருந்து தூரம் நொடிக்கு எத்தனை கி.மீ. மாறுகிறது என்ற எண்தான் முக்கியம்: மைனஸ் என்றால் நெருங்குகிறது, பிளஸ் என்றால் விலகுகிறது. சூரியனுக்கான வேகம் ஆண்டு முழுக்க அசையாமல் 17-ஐ ஒட்டியே நிற்க, டெல்டாட் மட்டும் மார்ச் தொடக்கத்தில் மைனஸ் 7 வாக்கிலும் செப்டம்பரில் 41 வாக்கிலும் ஆடுவதைப் பார்க்கும்போது, பூமி சுற்றுவது கண்முன்னே தெரிகிற மாதிரி இருக்கும். எனக்கு மிகவும் பிடித்த அட்டவணை இது.

30-லிருந்து 17 போனால் 13 தானே, ஏன் 7 என்று கேட்கலாம். வாயேஜர் 1 பூமியின் சுற்றுத்தளத்துக்கு வடக்கே சுமார் 35 பாகை ஏறிப் போகிறது, அதனால் நம் வேகத்தில் 24 அளவுதான் அதன் திசையில் விழும். நியூ ஹொரைசன்ஸ் கிட்டத்தட்ட அதே தளத்திலேயே, இன்னும் மெதுவாகப் போவதால் ஆண்டில் சுமார் 4 மாதம் நெருங்கிவரும். அதையும் ஓட்டிப் பாருங்கள்.

எந்த ஆண்டெனா இப்போது கேட்டுக்கொண்டிருக்கிறது என்று தெரிய வேண்டுமானால் தொலைதூர விண்கலங்களோடு பேசும் நாசாவின் ஆண்டெனா வலையமைப்பைக் காட்டும் டிஎஸ்என் நவ் பக்கம் இருக்கிறது. வாயேஜர் 2-ஐ மட்டும் ஆஸ்திரேலியாவின் கான்பெரா நிலையத்தில் தேடுங்கள், தெற்கே வெகுதூரம் போய்விட்டதால் வடக்கே இருக்கும் மற்ற இரண்டு நிலையங்களான கோல்ட்ஸ்டோனுக்கும் (அமெரிக்கா) மாட்ரிட்டுக்கும் (ஸ்பெயின்) அது எட்டாது.