கல்யாணப் பெண்ணுக்குப் பரிசு: பணம் வீணாகும் இடங்கள்

கல்யாண வீட்டுக்குச் செய்வது வேறு, கல்யாணப் பெண்ணுக்குச் செய்வது வேறு. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்வதில்தான் பாதித் தவறு தொடங்குகிறது. மேடையில் கொடுக்கும் கவர் பெரும்பாலும் மொய் நோட்டில் பெண்ணின் அப்பா கணக்கில் ஏறும். நாளை உங்கள் வீட்டு விசேஷத்தில் அவர் திருப்பிச் செய்வார். அது இரண்டு குடும்பங்களுக்கு இடையே காலங்காலமாக ஓடும் கொடுக்கல் வாங்கல், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அதில் ஒரு ரூபாய்கூடப் பெண்ணின் கைக்குப் போகாமல் இருக்கலாம். அவளுக்கென்று ஒன்று செய்ய நினைத்தால், நிச்சயதார்த்தம் முடிந்த பிறகு, முகூர்த்தத்துக்கு மூன்று வாரமாவது முன்னதாக, வீட்டுக்குப் போய்க் கையில் கொடுத்துவிடுங்கள். மண்டபத்தில் கொடுத்த பெட்டி எந்த வேனில் ஏறி எந்த வீட்டில் இறங்கும் என்று யாருக்கும் தெரியாது.

அடுத்த தவறு, அவள் எங்கே குடியிருக்கப் போகிறாள் என்று கேட்காமலே கடைக்குப் போவது. மாமியார் வீட்டில் கூட்டுக் குடித்தனம் என்றால் அங்கே மிக்ஸியும் குக்கரும் ஏற்கெனவே இருக்கும். நீங்கள் வாங்கித் தந்தது பரணில் ஏறும். தனிக்குடித்தனம் என்றால்தான் சமையலறைச் சாமானுக்கு வேலை. அதிலும் இரண்டு பேருக்கு 3 லிட்டர் குக்கர் போதும். 'நாலு பேர் வந்தால் வேணுமே' என்று 7 லிட்டரை வாங்கித் தந்தால், ஒரு டம்ளர் அரிசி போடுவதற்காக அதைத் தினமும் தூக்கித் தேய்க்க வேண்டியது அவள்தான். ஐஎஸ்ஐ முத்திரையும் ஐஎஸ் 2347 என்ற எண்ணும் இருக்கிறதா என்று பாருங்கள். அதே மாடலுக்கான கேஸ்கட் ஒன்றைக் கூடவே வாங்கிப் பெட்டிக்குள் போடுங்கள். கேஸ்கட் தளர்ந்து ஆவி ஓரமாகக் கசிய ஆரம்பித்தால் விசில் வராது. புது ஊரில் அதே அளவைத் தேடி அலைவது பெரிய பாடு.

வாடகை வீட்டில் இண்டக்‌ஷன் அடுப்பு மட்டும்தான் என்றால் சாதாரண அலுமினியப் பாத்திரம் எதுவும் அதில் சூடாகாது. கடையில் ஒரு சின்னக் காந்தத்தைப் பாத்திரத்தின் அடியில் வைத்துப் பாருங்கள். கெட்டியாக ஒட்டினால் வாங்கலாம்.

வெளிநாடு போகும் பெண்ணுக்கு மிக்ஸி கொடுப்பவர்கள் மின்சாரத்தை மறந்துவிடுகிறார்கள். நம்மூர் மிக்ஸி 230 வோல்ட்டுக்குச் செய்தது. அமெரிக்காவிலும் கனடாவிலும் 120 வோல்ட்தான், அங்கே அது சரியாக ஓடாது. 750 வாட் மிக்ஸிக்கு 1500 வாட் டிரான்ஸ்ஃபார்மர் வாங்கச் சொல்வார்கள், அதன் கனத்தை யார் சுமப்பது? அந்த ஊர்களுக்கென்றே செய்த மாடலைக் கடைகளில் 110 வோல்ட் என்றுதான் சொல்வார்கள், அப்படியே கேட்டு வாங்குங்கள். சிங்கப்பூர், துபாய் என்றால் வோல்ட் ஒத்துப்போகும், பிளக் மட்டும் மாறும். உள்நாட்டு விமானமாக இருந்தாலும் எடையை யோசியுங்கள். பெரும்பாலான டிக்கெட்டுகளில் லக்கேஜுக்கு 15 கிலோதான் அனுமதி, பித்தளைக் குத்துவிளக்கு ஒரு ஜோடியே அதில் பாதியைத் தின்றுவிடும். குத்துவிளக்கு, காமாட்சி விளக்கு, வெள்ளிக் குங்குமச்சிமிழ் எல்லாம் எப்படியும் சீர்வரிசையில் வந்துவிடும். மெட்டி போன்றவற்றை யார் வாங்க வேண்டும் என்பதற்கு வீட்டுக்கு வீடு முறை உண்டு. வெளியாள் அதில் கை வைக்க வேண்டாம்.

சமையலறைக்குள் நம்மைக் கேட்டால் முதல் இடம் இரும்புத் தோசைக்கல்லுக்குத்தான். ஆனால் அதைப் புதிதாக அப்படியே கொடுப்பது பரிசல்ல, சோதனை. பழக்காத கல்லில் முதல் தோசை கிழிந்துதான் வரும், அதுவும் மாமியார் பக்கத்தில் நிற்கும் நாளாகப் பார்த்து. பழக்கிக் கொடுங்கள். சோப்புப் போட்டு நன்றாகத் தேய்த்து, துரு பிடிக்காமல் இருக்கப் பூசிய எண்ணெய்ப் பிசுக்கை எடுங்கள். இரண்டு மூன்று நாள் கஞ்சித் தண்ணீரில் ஊறவிட்டு, தினமும் தண்ணீரை மாற்றுங்கள். பிறகு ஈரம் போகத் துடைத்து, நல்லெண்ணெயை மெல்லிசாகத் தடவிச் சிறு தீயில் புகை கிளம்பும்வரை காயவிட்டு, ஆறியதும் துணியால் துடையுங்கள். இதை ஒரு வாரம் தினமும் செய்து, கடைசியில் வெங்காயத்தை எண்ணெயில் கருக வதக்கி எடுத்துவிட்டு, ஐந்தாறு தோசை வார்த்துப் பாருங்கள். ஓரம் தானாகக் கிளம்பினால் கல் தயார். எண்ணெயை அள்ளி ஊற்றாதீர்கள், பிசுபிசுவென்று படிந்துவிடும். எண்ணெய் தடவி, காகிதத்தில் சுற்றிக் கொடுத்தால் ஆயுசுக்கும் உங்கள் பெயர் சொல்லும்.

புடவைக்கு வருவோம். எல்லோரும் பட்டு எடுக்கிறார்கள். கல்யாணம் முடிந்த கையோடு விருந்துக்கு விருந்து என்று ஒவ்வொரு சொந்தக்காரர் வீடாகப் போய் வர வேண்டியிருக்குமே, அதற்குக் கட்ட லேசான புடவை நாலு இருக்காது. அதனால் சாஃப்ட் சில்க்கோ சில்க் காட்டனோ எடுங்கள். புடவையை மட்டும் கொடுத்தால் பாதி வேலையை அவள் தலையில் கட்டியதாக அர்த்தம். ஃபால்ஸ் வைத்து, ஓரம் அடித்து, பிளவுஸ் தைத்துக் கொடுங்கள். அவளுடைய அளவு ஜாக்கெட்டை அம்மாவிடம் கேட்டு வாங்கினால் போதும். கல்யாண நேரத்தில் உடம்பு இளைக்கும், ஏறும். அதனால் இரண்டு பக்கமும் உள்ளே ஒன்றரை அங்குலம் பிடித்துத் தைக்கச் சொல்லுங்கள், பிரித்துக்கொள்ளலாம். ஃபால்ஸ் துணியை ஓர் இரவு தண்ணீரில் ஊறப் போட்டு, காயவைத்து, இஸ்திரி போட்ட பிறகுதான் தைக்க வேண்டும். இல்லையென்றால் முதல் துவைப்பில் ஃபால்ஸ் சுருங்கும், புடவை சுருங்காது. கீழ்க்கரை முழுக்கச் சுருக்கம் விழுந்து நிற்கும். அவசரத்தில் தைப்பவர்கள் தவறாமல் விடும் படி இதுதான்.

பட்டுதான் எடுப்பேன் என்பவர்கள் சில்க் மார்க் சீட்டு இருப்பதைப் பாருங்கள். அது பட்டு நூலுக்கு மட்டுமே உத்தரவாதம், ஜரிகைக்கு அல்ல. ஜரிகை அசல் வெள்ளி ஜரிகையா, செம்புக் கம்பியில் வெள்ளி முலாம் பூசிய டெஸ்டட் ஜரிகையா என்று தனியாகக் கேட்டுப் பில்லில் எழுதி வாங்குங்கள்.

தங்கத்தில் சறுக்குவது சின்ன நகைகளில். 2 கிராமுக்குக் குறைந்த நகைக்கு ஹால்மார்க் கட்டாயமில்லை. அரை கிராம் மூக்குத்தி, ஒரு கிராம் தோடு வாங்கும்போது பில்லில் தரமும் நிகர எடையும் இருப்பது முக்கியம். கல் வைத்ததென்றால் கல் எடை தனியாக இருக்க வேண்டும், மாற்றப் போகும்போது அதைக் கழித்துவிடுவார்கள். பெரிய நகையில் பிஐஎஸ் (இந்தியத் தர நிர்ணய அமைப்பு) முத்திரை, 22 காரட் தங்கத்தைக் குறிக்கும் 22கே916, அந்த நகைக்கென்றே தரும், எழுத்தும் எண்ணும் கலந்த ஆறு இலக்க ஹெச்யுஐடி மூன்றும் இருக்க வேண்டும். கடையிலேயே பிஐஎஸ் கேர் செயலியில் அந்த எண்ணைப் போட்டுப் பாருங்கள், ஒரு நிமிஷ வேலை. அவள் ரசனை தெரியாதபோது செய்கூலி, சேதாரம் கொடுத்து மோதிரம் வாங்குவதைவிட நாணயம் மேல்.

முகத்துக்குப் பூசும் கிரீம், ஃபேஷியல் கூப்பன் வகையறா இரண்டு மாதம் முன்னால் என்றால் சரி. கடைசி வாரத்தில் புதிதாக எதையும் முகத்தில் பூசிப் பார்க்க வைக்காதீர்கள்.

பணமாகவே கொடுப்பது எளிது என்று நினைப்பவர்கள் காசோலையில் தவறுவார்கள். கணவர் இனிஷியலைச் சேர்த்து, அழகாக, புதுப் பெயரில் எழுதிக் கொடுப்பார்கள். அவள் வங்கிக் கணக்கோ இன்னும் அப்பா இனிஷியலில்தான் இருக்கும், வங்கி ஏற்காது. தேதியிலிருந்து மூன்று மாதம் போனால் காசோலையே செல்லாது. கணக்கில் இருக்கும் பெயரைக் கேட்டு எழுதுங்கள், அல்லது நேராகக் கணக்குக்கே அனுப்புங்கள். தன் கல்யாணத்துக்காகப் பெண் பெறும் பரிசுக்கு வருமான வரி கிடையாது. அந்தச் சலுகை அவளுக்குத்தான், அப்பாவுக்கு இல்லை.

எதைக் கொடுத்தாலும் ஒரு சீட்டில் உங்கள் பெயர், பொருள், தோராய மதிப்பு மூன்றையும் எழுதி, பில்லோடும் வாரண்டி அட்டையோடும் பெட்டிக்கு உள்ளே வையுங்கள். மேலே ஒட்டிய சீட்டு வழியிலேயே உரிந்துவிடும். பரிசுப் பட்டியல் எழுதி வைக்க வேண்டும் என்று 1985-ஆம் ஆண்டு வரதட்சணைத் தடுப்பு விதிகளே சொல்கின்றன. யாரும் எழுதுவதில்லை. எழுத உட்காரும் வீட்டில் உங்கள் சீட்டு ஒரு வரியை மிச்சப்படுத்தும்.