பாடநூலும் மூல ஆவணமும்: பாராமகாலில் தொடங்கலாம்

உலக வரலாற்றை மூல ஆவணங்கள் வழியே படிக்க, கிருஷ்ணகிரி, தருமபுரிக்காரர்களுக்கு நல்ல வாசல் 1792 ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கை. இந்த வட்டாரத்தின் பழைய பெயரான பாராமகால், மைசூர் மன்னர் திப்புவிடமிருந்து கிழக்கிந்தியக் கம்பெனி கைக்குப் போனது இதில்தான்.

முதலில் பொது வரலாற்று நூலில் மூன்றாம் மைசூர்ப் போரை ஒரே மூச்சில் வாசியுங்கள், அடிக்கோடெல்லாம் வேண்டாம். நேரே ஆவணத்தில் இறங்கினால், நிஜாமும் மராத்தியரும் ஏன் பங்குக்கு நிற்கிறார்கள் என்றே புரியாமல் பாதியில் மூடிவைப்பீர்கள்.

பிறகு உடன்படிக்கை. நோட்டில் இடப்பக்கம் ஆவணம் சொல்வது, வலப்பக்கம் நூல் சொல்வது. 'பாதி ராஜ்யம் போனது' என்று நூல் ஒரு வரியில் முடித்துவிடும். ஆவணத்தின் பட்டியலிலோ ஒவ்வொரு பகுதியும் வருவாய்க் கணக்கோடு நிற்கும். பாதியை அளந்தது வரும்படியை வைத்து. பரப்பை வைத்து அல்ல. பட்டியலைச் சலிப்பென்று தாண்டுகிறவர்கள் கோட்டைவிடுவது இதைத்தான். ஊர்ப்பெயர்கள் காதில் விழுந்தபடி எழுதியவை. வாய்விட்டுப் படித்தால் பிடிபடும்.

அடுத்து, கம்பெனி அதிகாரிகளான அலெக்சாண்டர் ரீடும் தாமஸ் மன்றோவும் இங்கிருந்து எழுதிய வரிவசூல் கடிதங்கள். ஒவ்வொன்றின் தலைப்பிலும் யார், யாருக்கு, எதற்காக என்று குறியுங்கள். மேலிடத்துக்குப் போன காகிதம்; குடியானவர் பேச்சு அதில் வடிகட்டித்தான் வரும்.